என்ஓ சிலிண்டர்ல கிடைக்குது, பிஓ ஏன் கிடைக்கல?

வியாசர்பாடி_கெமி:
பி.எஸ்சி கெமிஸ்ட்ரி செகண்ட் இயர். நைட்ரஜனுக்கு நேர் கீழ தான பாஸ்பரஸ், அப்போ நைட்ரிக் ஆக்சைடு மாதிரி பாஸ்பரஸ் மோனாக்சைடும் கேஸா இருக்கணும்ல? என்ஓ சிலிண்டர்லயே விக்கிறான், பிஓ-ன்னு ஒண்ணு எந்த கேட்டலாக்லயும் காணோம். சார் கிட்ட கேட்டா அன்ஸ்டேபிள், எழுதிக்கோன்னுட்டு அடுத்த பாடத்துக்கு போய்ட்டாரு. பாண்ட் வீக்கா இருக்கறதாலயா?

மணலி_லேப்:
பாண்ட் வீக்குலாம் இல்ல தம்பி. பிஓ-வ ஒடைக்க மோலுக்கு சுமார் 600 கிலோஜூல் வேணும், என்ஓ-வுக்கு 630, இதுல இன்னா பெரிய வித்தியாசம் கீது? தனியா விட்டா அது பாட்டுக்கு இருக்கும், பக்கத்துல இன்னொண்ணு வந்தா தான் வம்பு. ரெண்டுலயும் ஒத்த எலக்ட்ரான் இருக்கு, ஆனா ரெண்டு என்ஓ சேர்ந்தா வர்ற என்-என் பாண்ட் சரியான நோஞ்சான், ரூம் டெம்பரேச்சர்ல நிக்காது. பாஸ்பரசுக்கு மல்டிபிள் பாண்டவிட மூணு சிங்கிள் பாண்ட் தான் லாபம், அதான் நைட்ரஜன் என்2-வாவும் அது பி4-ஆவும் இருக்கு. பிஓ கூட்டமா சேர்ந்தா பி-ஓ-பின்னு பாலம் கட்ட ஆரம்பிச்சிடும், காத்துல ஆக்சிஜன் தாராளமா இருந்தா கடைசில பி4ஓ10 தான். அந்த வெள்ள பவுடர் எங்க லேப்ல கீது, எண்ணூர் பக்கத்து கடக்காத்து ஈரத்துல மூடிய தெறந்து ஸ்பூன் விடறதுக்குள்ள மேல புகைஞ்சு பிசுபிசுன்னு ஆயிடும், பாஸ்பாரிக் ஆசிட்.

ராயபுரம்_ரேடியோ:
மோத ஆளே இல்லாத எடத்துல அது ஜாலியா இருக்கு தல. 2007ல விஒய் கேனிஸ் மேஜரிஸ்ங்கற ராட்சச நட்சத்திரத்த சுத்தி ரேடியோ டெலஸ்கோப்ல பிஓ-வ பிடிச்சாங்க. அப்புறம் 67பி வால்மீன்லயும், ரோசெட்டா விண்கலத்தோட ரோசினா கருவி டேட்டால இருந்து. பூமிக்கு பாஸ்பரஸ் வந்த வழில இதுவும் ஒண்ணா இருக்கலாம்னு ஒரு பேச்சு ஓடுது.

வியாசர்பாடி_கெமி:
செம. அப்போ வெள்ள பாஸ்பரஸ் இருட்டுல பச்சையா மின்னுதே, அது பிஓ தானா?

மணலி_லேப்:
முக்காவாசி இல்ல. பிஓ-வும் அங்க உருவாகி வெளிச்சம் விடுது, ஆனா அது 246 நானோமீட்டர் பக்கம், அல்ட்ராவயலட், நம்ம கண்ணுக்கு ஒண்ணும் தெரியாது. நீ பாக்கற பச்ச, பிஓ-வோட ஒரு ஹைட்ரஜன் சேர்ந்த எச்பிஓ-வும், ரெண்டு பிஓ ஒட்டிக்கிட்ட பி2ஓ2-வும். ஜிசி-ல, அதான் கேஸ் குரோமட்டோகிராஃப் மெஷின்ல, பூச்சிமருந்து பாக்க ஃப்ளேம் போட்டோமெட்ரிக் டிடெக்டர் இருக்குல்ல, அதுல பாஸ்பரஸ் ஃபில்டர் 526 நானோமீட்டர், அது அந்த எச்பிஓ வெளிச்சம் தான். வைவால கண்டிப்பா கேப்பாங்க.