பொம்மிக்கு எக்கோ எடுக்கிறார்கள், எப்படித் தயார் செய்வது?

பொம்மியம்மா:
எங்கள் பொம்மிக்கு 11 வயது, பொமரேனியன். மூன்று வாரமாக ராத்திரியில் தொண்டையில் ஏதோ சிக்கினாற்போல இருமுகிறாள். டாக்டர் ஸ்டெத் வைத்துக் கேட்டுவிட்டு, இதய வால்வு கசிகிற மாதிரி சத்தம் வருகிறது, எக்கோ, அதாவது இதய ஸ்கேன், பார்த்துவிடலாம் என்றார். ஃபுரோசமைடு என்கிற நீர் மாத்திரை (உடம்பில் சேரும் நீரை மூத்திரமாக வெளியேற்றுவது) ஒரு வாரமாகப் போகிறது. திங்கட்கிழமை காலை வேப்பேரி கால்நடை ஆஸ்பத்திரிக்குப் போகிறோம். வெறும் வயிறாக இருக்கணுமா, மாத்திரையை நிறுத்தணுமா, மயக்க ஊசி போடுவார்களா? புது ஆட்களைக் கண்டாலே நடுங்குவாள், அதை நினைத்தால் தூக்கமே வரவில்லை.

கோவைக்காரன்:
அக்கா, வலியே கிடையாது, நமக்கு எடுக்கிற வயிற்று ஸ்கேன் மாதிரிதான். பெரும்பாலும் ஓட்டை வைத்த மேஜையில் ஒருக்களித்துப் படுக்கவைத்து, முன்னங்காலுக்குப் பின்னால் நெஞ்சில் ஜெல் தடவி அடியிலிருந்து பார்ப்பார்கள், அப்புறம் மறுபக்கம் திருப்புவார்கள், மொத்தம் அரை மணி, முக்கால் மணி ஆகும். பொமரேனியனுக்கு முடி அடர்த்தி என்பதால் இரண்டு பக்கமும் உள்ளங்கை அளவுக்கு மழிக்கலாம், அதை நீங்கள் வீட்டில் செய்ய வேண்டாம். பெரும்பாலான நாய்களுக்கு மயக்க ஊசி தேவைப்படாது.

ஒன்று மட்டும் இன்றைக்கே ஆரம்பியுங்கள். பாயில் ஒருக்களித்துப் படுக்கவைத்து, முன்னங்கால்களை லேசாகப் பிடித்தபடி தடவிக்கொடுங்கள், முதலில் இரண்டு நிமிடம், அப்புறம் ஐந்து, இரண்டு பக்கமும். நாய் மூச்சிரைத்துக்கொண்டே இருந்தால் காற்று நிறைந்த நுரையீரல் குறுக்கே வந்து படம் தெளிவாக விழாது. அதனால் வெயில் ஏறுமுன் கிளம்பி, அரை மணி முன்னாடியே போய் அவளை ஆசுவாசப்படுத்துங்கள்.

மாத்திரையை டாக்டர் சொல்லாமல் நிறுத்தவே நிறுத்தாதீர்கள். போன வருடம் ஒரு கிளினிக்கில் போனை எடுத்தவர் மருந்து எதுவும் கொடுக்காமல் வரச் சொன்னார், நானும் நீர் மாத்திரையை விட்டுவிட்டேன், மத்தியானத்துக்குள் என் நாய்ப் பையனுக்கு மூச்சு வாங்க ஆரம்பித்துவிட்டது. இன்னும் மனசு ஆறவில்லை. மாத்திரை கொடுத்தால் அடிக்கடி மூத்திரம் வரும், உள்ளே போகுமுன் ஒரு நடை கூட்டிப்போய்விடுங்கள்.

பூனைவீடு:
எக்கோவுக்கென்று பட்டினி போடத் தேவையில்லை. ஆனால் ரொம்ப நடுங்குகிறவள் என்றால் அமைதிப்படுத்தும் ஊசி போட நேரலாம், அப்போது வயிறு காலியாக இருக்கச் சொல்வார்கள், போன் போட்டு டாக்டரிடமே கேளுங்கள். என் பூனைக்கு முதல் நாள் ராத்திரியும் கிளம்புவதற்கு இரண்டு மணி நேரம் முன்பும் பதற்றத்தைக் குறைக்கிற காபாபென்டின் மருந்து கொடுக்கச் சொன்னார்கள், நல்ல வித்தியாசம் தெரிந்தது. அதை நீங்களாக வாங்கிக் கொடுத்துவிடாதீர்கள், மனிதர்களுக்கான திரவ மருந்தில் சைலிட்டால் என்கிற இனிப்பூட்டி கலந்திருக்கலாம், நாய்க்கு அது விஷம்.

அப்புறம், அவள் அசந்து தூங்கும்போது நெஞ்சு எத்தனை முறை ஏறி இறங்குகிறது என்று 30 விநாடி எண்ணி இரண்டால் பெருக்குங்கள். நிமிடத்துக்கு 30க்குக் கீழே இருந்தால் நல்லது, திரும்பத் திரும்ப அதைத் தாண்டினால் திங்கள்வரை காத்திருக்காமல் டாக்டரைக் கூப்பிடுங்கள். இருமுவதை வீடியோ எடுத்து வையுங்கள், டாக்டர் முன்னால் அவள் இருமவே மாட்டாள்.

பொம்மியம்மா:
ரொம்ப நன்றி. மூன்று தடவை எண்ணினேன், 24, 26, 24. டாக்டரிடமும் பேசிவிட்டேன், மாத்திரையை வழக்கம்போலக் கொடுக்கலாம், ஆறு மணிக்குக் கொஞ்சம் தயிர்சாதம் போதும் என்றார். பழைய எக்ஸ்ரேயும் பீரோவிலிருந்து கிடைத்துவிட்டது. பாயில் இடப்பக்கம் இரண்டு நிமிடம் படுத்தாள், வலப்பக்கம் திருப்பியதும் எழுந்துவிட்டாள். நாளைக் காலையில் மறுபடி படுக்கவைத்துப் பார்க்கிறேன்.