மதேராவில் தூண்களுக்கு மேலே இறங்கிய அனுபவம்

தீவு விமான நிலையம் என்றால், கணினியில் விமானம் ஓட்டிப் பார்க்கும் சிமுலேட்டர் ஆட்கள் முதலில் செயின்ட் மார்ட்டினுக்குத்தான் போவார்கள். நானும் போனேன். ஆனால் திரும்பத் திரும்ப என்னை இழுப்பது போர்ச்சுகலின் மதேரா தீவு.

அங்கே ரன்வேயின் ஒரு பகுதி தரையில் இல்லை. கடலோரத்தில் 180 கான்கிரீட் தூண்களின் மேல் நிற்கிறது. எக்ஸ்-பிளேன் என்ற சிமுலேட்டரில் இந்த விமான நிலையத்துக்கான நல்ல ஆட்-ஆன் (கூடுதல் காட்சித் தொகுப்பு) ஒன்றை வாங்கிப் போட்டும் எனக்கு ஒரு தூண்கூடத் தெரியவில்லை, வெறும் மண்மேடுதான். இரண்டு நாள் மண்டையைக் குடைந்த பிறகுதான் காரணம் பிடிபட்டது. தொகுப்போடு வந்த மெஷ், அதாவது நிலத்தின் மேடுபள்ள வடிவம், தனிக் கோப்புறையில் இருந்தது. காட்சிகளின் வரிசைப் பட்டியலில் அதற்கு மேலே நான் முன்பே போட்டிருந்த ஐரோப்பா மெஷ் உட்கார்ந்திருந்தது. ஒரே இடத்துக்கு இரண்டு மெஷ் இருந்தால் மேலே இருப்பதுதான் எடுபடும். தீவின் மெஷ்ஷை மேலே ஏற்றியதும் மண்மேடு போய்விட்டது.

உடனே கேமராவை ரன்வேக்கு அடியில் இறக்கினேன். ஒவ்வொரு தூணும் மூன்று மீட்டர் தடிமன். நடுவே நெடுஞ்சாலை ஓடுகிறது. தூண்களின் நிழல் வரிசையாகத் தரையில் விழுந்திருந்தது. அதையே வெகுநேரம் பார்த்துக்கொண்டிருந்தேன்.

1964-இல் திறந்தபோது ரன்வே வெறும் 1600 மீட்டர். 1977 நவம்பரில் கனமழையில் இறங்கிய போயிங் 727 ஒன்று ரன்வேயைத் தாண்டி விழுந்து 131 பேர் இறந்தார்கள். அப்புறம்தான் நீட்டிக்கும் வேலைகள் நடந்தன. 2000-இல் இன்றைய 2781 மீட்டர் ஆனது. இது தெரிந்த பிறகு அந்தத் தூண்களை வெறும் காட்சி அழகாக என்னால் பார்க்க முடியவில்லை.

சரி, இறங்கும் கதைக்கு வருகிறேன். ரன்வே 05-க்கு, அதாவது வடகிழக்கு நோக்கி இறங்க, முதலில் தென்மேற்காகக் கடல்மேல் பறந்து, பிறகு மலைச்சரிவை ஒட்டி வலப்புறம் வளைந்து திரும்ப வேண்டும். நான் இருப்பதோ இடது இருக்கை, ரன்வே வலப்பக்கம். கண்ணுக்கு அது நழுவிப்போகும். தட்டையான பழைய காட்சியில் உயரக் கணக்கை வைத்துத்தான் வளைந்தேன். புதியதில் சரிவிலுள்ள வீடுகளே அடையாளம் சொல்லின. ஓட்டுக்கூரைகள் வலது ஜன்னலுக்கு அடியில் நகர, தூண்களின் முனை எதிரே வந்தது. உள்ளங்கை வியர்த்துவிட்டது. ஆனாலும் நடுக்கோட்டிலேயே தொட்டேன்.

அடுத்த முறை நிஜ வானிலையைப் போட்டேன். வடக்கிலிருந்து காற்று. மலையைத் தாண்டி வரும் காற்று உடைந்து சுழலும் என்பதால்தான் நிஜத்திலும் இங்கே காற்று வரம்பு கடுமையாக இருக்கிறது. இரண்டு முறை கோ-அரவுண்ட் போனேன், அதாவது இறங்காமல் மறுபடி மேலே ஏறினேன். மூன்றாவது முறை முயலவில்லை. பக்கத்துத் தீவான போர்டோ சாண்டோவுக்குத் திருப்பி, 3000 மீட்டர் ரன்வேயில் இறக்கிவிட்டேன்.