'ஸ்டெனோடைப்பிஸ்ட்' யாரைக் குறிக்கும்?

கேள்வி: இச்சொல் சுருக்கெழுத்துப் பொறியை இயக்குபவரை மட்டும் குறிக்குமா, கையால் சுருக்கெழுத்து எழுதுபவரையும் குறிக்குமா?

பதில் 1: இரண்டும் வழக்கில் உள்ளன. அமெரிக்காவில் பொறியை இயக்குபவரையே குறிக்கும். தமிழக அரசுப் பணியில் 'சுருக்கெழுத்துத் தட்டச்சர்' என்றால் கையால் குறிப்பெடுத்துப் பின்னர் தட்டச்சு செய்பவர்.

பதில் 2: பொறியை இயக்குபவருக்கு 'தட்டச்சர்' எனக்கு உவப்பானதன்று. அவர் எழுத்தெழுத்தாகத் தட்டுவதில்லை. இருபத்திரண்டே விசைகள் கொண்ட பொறியில் இடக்கை அசையின் முதல் மெய்யொலியையும், கட்டைவிரல்கள் உயிரொலியையும், வலக்கை இறுதி மெய்யொலியையும் ஒரே அழுத்தத்தில் பதிவதால்தான் நிமிடத்துக்கு 225 சொற்களும் அதற்கு மேலும் எடுக்க முடிகிறது. 'பொறிச் சுருக்கெழுத்தர்' எனலாமே!

பதில் 3: ஏற்கத்தக்கதே. ஆனால் நீதிமன்றத்தில் இப்பணியைச் செய்பவரை 'நீதிமன்றப் பதிவாளர்' என்று எழுதிவிடாதீர்கள். அது வேறொரு பதவி.