வலை போச்சு, மனு யாரிடம் கொடுப்பது?

வணக்கம். எங்களுடையது நாகை பக்கம் ஒரு மீனவக் கிராமம். அப்பா பைபர் படகில் நண்டு வலை போடுகிறார். போன வாரம் விடியற்காலையில் போய்ப் பார்த்தால், நாலு மிதவையும் முழ நீளக் கந்தலும்தான் மிச்சம். இழுவைமடி (படகுக்குப் பின்னால் இழுத்துப் போகும் பெரிய வலை) இழுத்துக்கொண்டு ஒரு விசைப்படகு போனதைப் பக்கத்துப் படகுக்காரர் பார்த்திருக்கிறார். இருட்டில் எண் தெரியவில்லையாம்.

1983 கடல் மீன்பிடி ஒழுங்குமுறைச் சட்டமும் அதன் விதிகளும் கரையிலிருந்து 5 கடல் மைலுக்குள் விசைப்படகு மீன்பிடிக்கக் கூடாது என்கின்றன. இது நடந்தது இரண்டு மைலில். வலை போட்ட இடம் ஜிபிஎஸ்ஸில் இருக்கிறது.

ஊர்ப் பஞ்சாயத்தில் பேசிக்கலாம் என்கிறார் அப்பா. எழுத்தில் கொடுத்தால்தான் நிற்கும் என்று எனக்குத் தோன்றுகிறது. மனு மீன்வளத்துறைக்கா, கடலோரக் காவல் நிலையத்துக்கா? படகு எண் இல்லாமல் எடுப்பார்களா? இப்படி நஷ்டஈடு வாங்கியவர்கள் இருந்தால் சொல்லுங்கள். மனு மாதிரி இருந்தால் அனுப்புங்கள். அப்புறம், பழைய நண்டு வலை விற்பவர்கள் இருந்தாலும் சரி.