பேட்டா எண்ணிய கையோடு கேமரா முன்னால் நின்றவர்

கோபிசெட்டிபாளையத்திலிருந்து:

'தவசி' (2001) படத்தில் வடிவேலுவிடம் வந்து ஒசாமா பின்லேடன் அட்ரஸ் கேட்பாரே கிருஷ்ணமூர்த்தி, அவரை மறந்திருக்க மாட்டீர்கள். 'நான் கடவுள்' படத்திலும் முக்கியமான வேடம். ஆனால் அவர் சினிமாவில் தயாரிப்பு நிர்வாகியாகவும் வேலை பார்த்தவர் என்பது பலருக்குத் தெரியாது. 2019 அக்டோபரில் குமுளிக்குப் படப்பிடிப்புக்குப் போன இடத்தில் மாரடைப்பால் இறந்துபோனார். அவரை நான் நேரில் பார்த்ததில்லை. அதே மாதிரி இரண்டு வேலையும் பார்த்த இன்னொருவரோடு பன்னிரண்டு நாள் இருந்திருக்கிறேன். அதைத்தான் சொல்ல வந்தேன்.

பிளஸ் டூ பரீட்சை முடிந்த சமயம். கொடிவேரி அணைப் பக்கம் ஷூட்டிங். சித்தப்பா யூனிட்டுக்கு வேன் ஓட்டினார், கூடமாட உதவிக்கு நான். அங்கே புரொடக்‌ஷன் மேனேஜராக இருந்தவருக்கு ஐம்பது வயதுக்கு மேல் இருக்கும். விடிகாலை நாலரைக்கு லாட்ஜ் கதவுகளைத் தட்டத் தொடங்குவார். இட்லி வந்ததா, ஜெனரேட்டர் வண்டிக்கு டீசல் போட்டாச்சா, நேற்று கேட்ட மாட்டுவண்டி எங்கே என்று எல்லாம் அவர் தலையில். சட்டைப்பையில் மடித்து வைத்த ஒரு குயர் நோட்டு. டீக்கடை பாக்கி வரைக்கும் அதில் இருக்கும்.

ஒருநாள் தபால்காரராக நடிக்க வேண்டியவர் வந்து சேரவில்லை. டைரக்டர் சுற்றிப் பார்த்துவிட்டு, "அண்ணே, நீங்களே சட்டையை மாத்திக்குங்க" என்றார். இது சினிமாவில் சகஜம்தானாம். மேனேஜர் எப்படியும் லொகேஷனில் இருப்பவர். தனியாக ரூம், வண்டி என்று செலவு இல்லை. ஷாட் என்றால் எங்கே நிற்க வேண்டும், எப்போது திரும்ப வேண்டும் என்று சொல்லித்தரவும் வேண்டாம். அவர் நோட்டை என்னிடம் கொடுத்துவிட்டு, காக்கிச் சட்டை போட்டுக்கொண்டு, சைக்கிளிலிருந்து இறங்கி ரெண்டு வரி பேசினார். முதல் டேக்கிலேயே ஓகே.

சாயங்காலம் பேட்டா, அதாவது அன்றன்றைய படிக்காசு, கொடுக்கும் நேரம். மேக்கப் கலைக்க அவருக்கு நேரமில்லை. லைட்மேன்கள் வரிசையில் நிற்கிறார்கள், இவர் முகத்தைத் துடைத்த கையோடு ரூபாய்த் தாள்களை எண்ணுகிறார். சித்தப்பா வாங்கி வந்த பத்து ரூபாய்த் தாள்களின் ஓரத்தில் சந்தன நிறத்தில் பேன்கேக் மேக்கப் பூச்சு ஒட்டியிருந்தது. அதை இப்போது நினைத்தாலும் எனக்குத் தொண்டை அடைக்கும்.

படம் வந்ததும் தியேட்டருக்கு ஓடினேன். அவர் இருந்தார். ஆனால் குரல் அவருடையது இல்லை. நல்ல கனத்த குரல் அவருக்கு, ஏன் மாற்றினார்கள் என்று இன்றுவரை மனசு ஆறவில்லை.

வடபழனியில் டப்பிங் தியேட்டரில் வேலை பார்த்தவர்:

குரல் சரியில்லை என்று மாற்றியிருக்க மாட்டார்கள் நண்பரே. இந்த மாதிரி ஆட்களை டப்பிங்குக்குக் கூப்பிடும்போது வேறு படத்துக்கு அவுட்டோர் போயிருப்பார்கள். ரெண்டு வரிக்காகத் தியேட்டர் வாடகையைக் கட்டிக்கொண்டு யாரும் காத்திருக்க முடியாது. அன்றைக்கு யார் இருக்கிறார்களோ அவரைப் பேச வைத்து முடித்துவிடுவோம். நானே அப்படி எத்தனையோ பேருக்கு மைக் வைத்திருக்கிறேன்.

ஒரு பெரியவர் மட்டும் விடமாட்டார். எங்கே இருந்தாலும் ராத்திரி பஸ் பிடித்து வந்துவிடுவார். விபூதி பூசிக்கொண்டு, பையைச் சுவரோரம் வைத்துவிட்டு, திரையில் தன் உதடு அசைவதையே நாலு தடவை பார்த்து, அப்புறம்தான் மைக்கிடம் போவார். "சோறு வெச்சாச்சு, வாங்க" என்கிற ஒரு வரி. அதற்குப் பதினாலு மணி நேரப் பயணம். அன்று சாயங்காலமே திரும்பிப் போனார், மறுநாள் அவர் இல்லாவிட்டால் அங்கே யூனிட்டுக்குச் சாப்பாடு நகராது.

கோபிசெட்டிபாளையத்திலிருந்து:

ரொம்ப நன்றி. இத்தனை வருஷமாக அவரை ஒதுக்கிவிட்டார்கள் என்றே நினைத்துக்கொண்டிருந்தேன். அந்தக் குரல் படத்தில் இல்லாவிட்டாலும் எனக்கு நினைவிருக்கிறது. பேக்கப் ஆன பிறகு, எல்லோரையும் வண்டியில் ஏற்றிவிட்டு, இருட்டில் டார்ச் அடித்துக்கொண்டு என்னிடம் கேட்பார்: "தம்பி, மாட்டுக்குத் தண்ணி காட்டியாச்சா?"