பைன் காட்டுல உருண்டையா ஒரு காளான், இது என்ன வகை? சாப்பிடலாமா?

பூம்பாறைக்காரன்:
வணக்கம். கொடைக்கானல்ல எங்க வீட்டுக்குப் பின்னாடி பைன் காடு, மழைக்கு அப்புறம் அங்க தரையில உருண்டை உருண்டையா ஒரு காளான் வந்திருக்கு, குடையும் இல்ல தண்டும் இல்ல, சின்ன உருளைக்கிழங்கு சைஸ், மஞ்சளும் பழுப்பும் கலந்த தோலு செதில் செதிலா வெடிச்சிருக்கு, பிடுங்கினா அடியில வெள்ளை நூல் மாதிரி கொத்தா மண்ணோட வருது. யூடியூப்ல ஜார்க்கண்ட்ல ருக்டானு ஒரு உருண்டைக் காளான நல்ல விலைக்கு விக்கிறத பாத்தோம், வீட்ல இது அதேதான் குழம்பு வைக்கலாம்ங்கிறாங்க. இன்னும் யாரும் வாயில வைக்கல, தெரிஞ்சவங்க சொல்லுங்க.

காட்டுவழி:
அண்ணே தயவுசெஞ்சு அடுப்புல ஏத்தாதீங்க. ருக்டா சால் மரக் காட்டுல வர்றது, அது வேற இனம். நீங்க சொல்றது ஸ்க்ளீரோடெர்மா மாதிரி இருக்கு, பைன் வேரோட ஒட்டி வாழற விஷக் காளான். நம்ம மலையில இருக்கிற பட்டுலா பைனே மெக்சிகோவுல இருந்து வந்த மரம்தான், அதோட வேரை அண்டி வர்ற காளான்கள்ல இதுவும் ஒண்ணு, வெள்ளைப் பொட்டு வச்ச சிவப்புக் குடை பாத்திருப்பீங்களே அமானிட்டா மஸ்கேரியா, அதுவும் ஒண்ணு, அதுவும் விஷம். ஒரு உருண்டைய நடுவுல நறுக்கி தோல் எவ்ளோ கனம், உள்ள என்ன கலர், வாசம் எப்படினு சொல்லுங்க.

மழைமேகம்:
எங்க பாட்டி காளான் கொதிக்கும்போது வெள்ளிக்காசு போடுவாங்க, கறுத்தா விஷம். பூச்சி கடிச்சிருந்தா தைரியமா சாப்பிடலாம்னும் சொல்வாங்க. அப்படி பாக்கலாமே?

காட்டுவழி:
இல்லங்க, அது ரெண்டையும் நம்பவே கூடாது. ஆளையே கொல்ற அமானிட்டா வகை இருக்கு, அதைப் போட்டாலும் வெள்ளி கறுக்காது. நத்தையும் புழுவும் சாவகாசமா தின்னுட்டுப் போற காளான் நம்ம ஈரலை அழிச்சிரும், அதுங்க உடம்பு வேற நம்ம உடம்பு வேற. இதைக் கேட்டு யாராவது சமைச்சிடப் போறாங்கன்னு பயமா இருக்கு, அதான் இவ்ளோ அழுத்திச் சொல்றேன்.

பூம்பாறைக்காரன்:
நறுக்கிட்டேன் தம்பி. தோல் கனமா ரப்பர் மாதிரி இருக்கு, வெட்டின இடம் லேசா ரோஸ் கலர் ஆச்சு. உள்ள கத்திரிக்காய் கலர்ல இருந்து கறுப்பு வரைக்கும், நடுவுல வெள்ளைக் கோடு ஓடுது, வாடை மூக்கைத் துளைக்குது. ஆனா ரொம்ப சின்னதா ஒண்ணை வெட்டினா உள்ள வெள்ளையாதான் இருக்கு, அது வேறயா? பையன் வேற பழுத்ததை மிதிச்சு புகை விட்டு விளையாடுறான்.

காட்டுவழி:
அப்ப ஸ்க்ளீரோடெர்மா சிட்ரினமேதான், சந்தேகமில்ல. சின்னதும் அதே காளான்தான், பிஞ்சுல வெள்ளையா இருக்கும், அப்புறம்தான் நடுவுல இருந்து கறுக்க ஆரம்பிக்கும். உள்ள வெள்ளையா இருந்தா சாப்பிடலாம்னு நெட்ல போடுறாங்களே, அது பஃப்பால்னு வேற ஒரு உருண்டைக் காளானுக்குச் சொன்னது, அதோட தோல் மெல்லிசா இருக்கும், உள்ள முழுக்க பன்னீர் மாதிரி மெத்துனு இருக்கும். அதுலயும் ஆபத்து இருக்கு, அமானிட்டா முளைக்கும்போது முட்டை மாதிரி வெள்ளையாதான் வரும், நெடுக்க வெட்டினா உள்ள குட்டியா குடையும் தண்டும் வரைஞ்ச மாதிரி தெரியும், அப்படி தெரிஞ்சா உடனே கீழ போட்டு கையை சோப்பு போட்டு கழுவிடுங்க.

உங்க உருண்டைய தின்னா சீக்கிரமே வயித்து வலி, வாந்தி, வேர்வைனு ஆரம்பிச்சிரும். யாராவது தெரியாம சாப்பிட்டா வீட்டு வைத்தியம் பாக்காம மிச்சக் காளானையும் கையில எடுத்துக்கிட்டு ஆஸ்பத்திரிக்கு ஓடுங்க. பையன்கிட்ட சொல்லுங்க, அந்தப் புகை பூரா விதைத் தூள், கண்ணுலயும் மூக்குலயும் ஏறினா எரிச்சலாகும், மிதிக்க வேண்டாம்.

பூம்பாறைக்காரன்:
ரொம்ப நன்றி தம்பி. கூடையில இருந்ததை எல்லாம் கொட்டியாச்சு, வீட்லயும் படிச்சுக் காட்டிட்டேன்.