கல் செதுக்கி விற்று கேமரா வாங்கிய டைரக்டர்: குனுக் பற்றித் தெரிந்தவர்கள் சொல்லுங்கள்

அம்பை வீடியோ:
அம்பாசமுத்திரத்தில் கல்யாண வீடியோ எடுக்கிறேன். எங்கள் ஊர்ச் சுடலைமாடன் கோயில் கொடையில் பாடும் வில்லுப்பாட்டுக் கதையை எங்கள் பேச்சிலேயே படமாக எடுக்க ஆசை. சென்னையில் ஒருவரிடம் சொன்னேன். "திருநெல்வேலி பாஷை காமெடிக்குச் சரி, படம் முழுக்க யார் கேட்பா?" என்று அனுப்பிவிட்டார். சகரியாஸ் குனுக்கைப் பார் என்கிறான் நண்பன். அவர் சினிமா படித்தவரா?

டவுன் அண்ணாச்சி:
தம்பி, அவர் சிற்பி. வடகனடாவில் பனிப்பிரதேசத்து இனுயிட் பழங்குடி, இக்லூலிக் ஊர்க்காரர், 1957இல் பிறந்தவர். மாக்கல்லில் செதுக்குவார். நம் வீட்டுக் கல்சட்டி இருக்கிறதே, அதே கல்தான். சின்ன வயதில் சினிமா டிக்கெட்டுக்குக் காசு வேண்டிச் செதுக்கியவர், 1981இல் சிற்பங்களை மாண்ட்ரியலில் விற்று வீடியோ கேமரா வாங்கி வந்தார்.

எனக்குப் பிடித்தது அந்த ஊரின் பிடிவாதம். டிவி வேண்டுமா என்று 1975லும் 1979லும் ஓட்டெடுத்தார்கள். நம் பாஷையில் ஒன்றும் வராத பெட்டி எதற்கு என்று இரண்டு தடவையும் வேண்டாம் என்றார்கள். நாமோ கேபிள்காரனுக்குக் கதவைத் திறந்து வைத்துக் காபியும் கொடுத்தோம்.

அப்புறம் 1990இல் கூட்டாளிகளோடு இசுமா என்று கம்பெனி. இசுமா என்றால் சிந்தனை. கூட்டாளிகளில் பால் அபாக் என்பவர்தான் அடனார்ஜுவாட் என்ற அவர்கள் பழங்கதையை ஊர்ப் பெரியவர்கள் பலரிடம் கேட்டுப் பதிவு செய்தார். ஆளுக்கொரு மாதிரி சொல்வார்கள் அல்லவா, அதையெல்லாம் சேர்த்துத்தான் திரைக்கதை. படம் முடியும் முன் 1998இல் அபாக் இறந்துபோனார். குனுக் இயக்கிய அந்தப் படத்துக்கு 2001இல் பிரான்சின் கான் திரைப்பட விழாவில் அறிமுக டைரக்டருக்கான கேமரா தோர் விருது கிடைத்தது.

தென்காசி ரசிகன்:
பார்த்திருக்கிறேன். முழுக்க அவர்கள் மொழியான இனுக்டிடுட் பேச்சு, ஏறக்குறைய மூன்று மணி நேரம். அண்ணனைக் கொன்றுவிடுகிறார்கள், தம்பி உடம்பில் துணியில்லாமல் பனிக்கட்டி மேல் ஓடுகிறான். அந்தப் பாதங்களைப் பார்த்து என் கால் கூசியது. ஆனால் முதல் அரைமணி நேரம் யார் யாருக்கு என்ன முறை என்றே பிடிபடாது. இன்னொன்று, அங்கே அரசுப் பணம் கிடைத்தது. நமக்கு யார் தருவார்?

டவுன் அண்ணாச்சி:
பணம் வந்தது சரிதான். அதற்கு முன்னால் எத்தனை வருஷம் வீடியோ எடுத்துக்கொண்டிருந்தார்? 2019இல் வந்த அவருடைய நோவா பியுகாட்டுக் படத்தைப் பாருங்கள். பனிமேட்டில் டீ குடித்துக்கொண்டு அரசு அதிகாரி, மொழிபெயர்ப்பாளர், கிழவர் பேசுகிறார்கள். பெரும்பகுதி அவ்வளவுதான்! தம்பி, முதலில் கதையைப் பதிவு செய். கொடைக்குக் கொடை புலவர் மாற்றிப் பாடுவார்.

அம்பை வீடியோ:
சரி அண்ணாச்சி. ஆச்சியிடமிருந்து தொடங்குகிறேன். வெத்தலை இடித்துக்கொண்டேதான் கதை சொல்லுவாள், ஆடியோவில் டொக்கு டொக்கென்று விழுமே?

டவுன் அண்ணாச்சி:
விழட்டும்வே. இடிப்பதை நிறுத்தினால் ஆச்சிக்குக் கதை வராது.